டொலேடோவில் ஒரு பகல்

ஸ்பெயின் நாட்டின் தலைநகராகிய மாட்ரிட்டில் தங்கும் வெளிநாட்டார், அங்கிருந்து காலையிற் புறப்பட்டு மாலையில் மீளத்தக்க தொலைவிலுள்ள பழம்பேரூர்களைக் கண்டு வருதல் வழக்கம். தெற்கே டொலேடோ, வடமேற்கே செகோவியாவும் ஆவிலாவும், கிழக்கே குவெங்கா என அவ்வூர்கள் பல. ஐம்பதின்மர் ஒரு பேருந்தில் ஏறிச் சென்று அவற்றைக் காண்பதும் உண்டு. எண்மரோ பன்னிருவரோ தகுந்த வழிகாட்டி ஒருவருடன் சென்று காண்பதும் உண்டு. இரண்டும் ஒரே பயணம் போலத் தோன்றினும், காண்பார் பெறும் பயன் பெரிதும் வேறுபடும். அவ்வேறுபாடு நன்கு புலப்படும் ஊர் டொலேடோ.

இந்நகர் மாட்ரிட்டுக்குத் தெற்கே ஏறத்தாழ 70 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. விரைவு ரயில் அரைமணிப் பொழுதில் கொண்டு சேர்க்கும். தாஹோ என்னும் ஆறு ஒரு பாறைக் குன்றை மூன்று புறமும் வளைந்து ஓட, அக்குன்றின்மேல் நகர் அமைந்துள்ளது. ஆறு அகழியாகவும், பாறை மதிலாகவும் வாய்த்த இவ்விடத்தை உரோமர் விரும்பினர். அவருக்குப் பின் விசிகாத்தியர் இதனைத் தலைநகராக்கினர். 711ஆம் ஆண்டில் வட ஆப்பிரிக்காவினின்று கடல் கடந்து வந்த முஸ்லிம் படையினர் ஸ்பெயினுட் புகுந்தபோது இந்நகரும் அவர் வசமாயிற்று. 1085இல் காஸ்டில் அரசர் ஆறாம் அல்போன்சோ இதனைக் கைக்கொண்டார். பின்னர் 1561இல் இரண்டாம் பிலிப்பு மன்னர் தம் அரசவையை மாட்ரிட்டுக்குக் கொண்டு சென்றார். அன்று நகர மக்கள் வருந்தியிருப்பர். ஆயினும், அவ்விழப்பே இந்நகரின் பழமையைக் காத்தது எனலாம். தலைநகராய் நீடித்திருந்தால், பழைய தெருக்களை இடித்து அகல வீதிகள் அமைத்திருப்பர். 1986இல் உலக மரபுச் செல்வங்களுள் ஒன்றாக யுனெஸ்கோ நிறுவனம் இந்நகரை ஏற்றுக்கொண்டது.

குன்றின் அடியிலிருந்து நகருக்குள் ஏறுவது முதியோர்க்கு எளிதன்று. அதனை எண்ணி, மதிலின் ஒரு பக்கத்தே நகரும் மின்படிகளை அமைத்துள்ளனர். மேலே சென்றதும் தெருக்கள் குறுகிவிடும். இருவர் இணையாக நடப்பின் மூன்றாமவர் சுவரோடு ஒட்டி நிற்க வேண்டிய சந்துகளும் உள. ஐம்பதின்மர் கொண்ட கூட்டம் இத்தகைய சந்தினுள் நுழைந்தால், முன்னிருப்பவர்க்கே வழிகாட்டியின் சொல் கேட்கும்; பின்னிருப்பவர் அவர் உயர்த்திப் பிடித்த கொடியையோ குடையையோ பார்த்துக்கொண்டே நடப்பர். இக்காலத்தில் காதிற் பொருத்தும் கருவிகள் இக்குறையைத் தீர்க்கின்றன எனினும், கேள்வி கேட்பதற்கு அக்கருவி உதவாது. பன்னிருவர் ஆயின், இயல்பான குரலிற் பேசலாம், நிற்க வேண்டிய இடத்தில் நிற்கலாம், ஐயுற்றவர் வினவலாம்.

மதிலை அடுத்து ஒரு சிறு கட்டடம் உண்டு. பக்கத்திற்கு ஏறத்தாழ 8 மீட்டர் அளவினதாகிய இது, 999ஆம் ஆண்டில் மசூதியாகக் கட்டப்பட்டது; பின்னர்த் தேவாலயமாயிற்று. உள்ளே நான்கு தூண்களும் அவற்றின்மேல் ஒன்பது சிறு கவிமாடங்களும் உள. ஒன்பதும் ஒன்பது வகையின. ஒன்றின் அமைப்பு மற்றொன்றில் இல்லை. இக்கட்டடத்தைப் பற்றி ஒரு கதை வழங்குகிறது. ஆறாம் அல்போன்சோ நகருட் புகுந்தபோது அவர்தம் குதிரை இவ்விடத்தில் மண்டியிட்டு நகர மறுத்ததாம். சுவரை அகழ்ந்து பார்க்க, முந்நூறு ஆண்டுகட்கு மேலாக அணையாதிருந்த விளக்கொன்று இயேசுபெருமானின் திருவுருவத்தின் முன் எரிந்ததாம். குதிரை மண்டியிட்ட இடம் இதுவென ஒரு வெண்கல்லையும் காட்டுவர். விரைந்து செல்லும் கூட்டத்தார் இக்கதையைக் கேட்டு மகிழ்ந்து அப்பாற் செல்வர். நல்ல வழிகாட்டி அக்கதையைச் சொல்லுவார். சொன்னபின் தம்மவரை வெளிமுகப்பின் அருகே அழைத்துச் சென்று மேலே நோக்கச் செய்வார். அங்கே செங்கற்களையே எழுத்துகளாக அடுக்கி அமைத்த அரபு வாசகம் ஒன்று உண்டு. அகமது இபின் ஹதீதி என்பார் தம் சொந்தப் பொருளைக் கொண்டு கட்டுவித்தார் என்பதும், கட்டிய சிற்பியின் பெயர் மூசா இபின் அலி என்பதும், கட்டி முடித்த ஆண்டும் அதில் உள்ளன. முன்னது மக்கள் நாவில் வாழ்வது. பின்னது சுவரில் நின்று பேசுவது. இரண்டையும் சொல்லி, எது எத்தகையது எனப் பிரித்துக் காட்டுதலே வழிகாட்டியின் கடமை.

நகரின் நடுவே பெருந்தேவாலயம் உயர்ந்து நிற்கிறது. முன்னர்ப் பெரிய மசூதி இருந்த இடத்திலேயே 1226இல் இதற்கு அடிக்கல் நாட்டினர். வேலை முடிந்தது 1493இல். நகரம் பணிந்தபோது, அம்மசூதி முஸ்லிம்களுக்கே உரியதாக இருக்கும் என்று அல்போன்சோ வாக்களித்திருந்தார். அவர் வெளியூர் சென்றிருந்த வேளையில் அரசியாரும் தலைமைக் குருவும் அதனைக் கைப்பற்றிவிட்டனர் என்றும், வெகுண்டு திரும்பிய அரசரிடம் முஸ்லிம் மறைவாணர் ஒருவரே சென்று, அவர்களை ஒறுக்க வேண்டா என வேண்டிக்கொண்டார் என்றும் பழைய வரலாற்றேடுகள் கூறுகின்றன. அம்மறைவாணரின் சிலையைத் தேவாலயத்தின் தலைமைப் பீடப் பகுதியிலேயே வைத்துள்ளனர். பொன்னும் பளிங்கும் மலிந்த அவ்விடத்தில், காட்டுவார் இல்லையெனின் அச்சிலை ஒருவர் கண்ணுக்கும் படாது.

யூதர் வாழ்ந்த பகுதி நகரின் மேற்கே உள்ளது. அங்கே இரண்டு பழைய தொழுகைக் கூடங்கள் எஞ்சியுள்ளன. ஒன்று வெண்சுதை பூசிய தூண்களும் குதிரை இலாட வடிவான வளைவுகளும் நிரை நிரையாக நிற்பது. யூதர் தொழுவதற்கென முஸ்லிம் கலைமரபிற் கட்டிய இதற்கு இன்று வழங்கும் பெயர், 'வெண்ணிறப் புனித மரியாள்' என்னும் கிறித்தவப் பெயர். மூன்று சமயத்தையும் ஒரு கூரையின் கீழ்க் காட்டுவது என இதனைப் பலர் பாராட்டுவர். அப்பாராட்டு முழு உண்மையன்று. 1391இல் ஸ்பெயின் நகரங்கள் பலவற்றில் யூதர்மீது கொடிய தாக்குதல் நிகழ்ந்தது, டொலேடோவிலும் நிகழ்ந்தது. அதன்பின், பதினைந்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இக்கூடம் அவரிடமிருந்து எடுக்கப்பட்டே தேவாலயமாக்கப்பட்டது.

மற்றொன்றைக் கட்டியவர் சாமுவேல் ஹா-லேவி. இவர் பேதுரு மன்னரின் கருவூலத் தலைவர். பதினான்காம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் எழுந்த இக்கூடத்தின் சுவர்களில் எபிரேய எழுத்துகள் நீண்டு ஓடுகின்றன. இறைவனைப் போற்றும் வரிகளோடு, மன்னரைப் புகழும் வரிகளும், சாமுவேலைப் புகழும் வரிகளும் அவற்றில் உண்டு. பூவேலைப்பாட்டின் இடையே அரபுச் சொற்களும் காணப்படும். இத்துணைப் புகழ் எழுதிய சில ஆண்டுகளுக்குள், அம்மன்னராலேயே சிறையிடப்பட்டுத் துன்புறுத்தப்பட்டு சாமுவேல் உயிர் நீத்தார். மதம் மாற மறுத்த யூதர் அனைவரும் நாட்டை விட்டு அகல வேண்டும் என்ற ஆணை 1492 மார்ச்சுத் திங்களிற் பிறந்தது. அங்ஙனம் சென்றவர் வழிவந்தோர் துருக்கி, கிரீசு முதலிய நாடுகளில் பழைய ஸ்பானிய மொழியையே நூற்றாண்டுகள் பலவாகப் பேசி வந்தனர். 2015இல்தான், அவ்வழியினர் விரும்பின் ஸ்பெயின் நாட்டுக் குடியுரிமை பெறலாம் என்னும் சட்டம் அங்கு இயற்றப்பட்டது. சாமுவேல் கட்டிய கூடம் இன்று அம்மக்களின் வரலாற்றைக் கூறும் அருங்காட்சியகமாக விளங்குகிறது.

துன்பம் ஒருபுறம் இருக்க, அறிவுலகம் இந்நகருக்குப் பட்ட கடன் மிகப் பெரிது. பன்னிரண்டு, பதின்மூன்றாம் நூற்றாண்டுகளில் ஐரோப்பாவின் பல திசைகளிலிருந்தும் கற்றோர் ஈண்டு வந்து குழுமினர். கிரேக்கர் எழுதிய நூல்கள் பல அரபு மொழியிற் பெயர்க்கப்பட்டு இங்கே கிடைத்தன. மொழிபெயர்த்த முறையும் அறியத்தக்கது. அரபு அறிந்த ஒருவர் நூலைப் படித்து, ஊர் மக்கள் பேசும் மொழியில் வாய்விட்டுச் சொல்லுவார். இலத்தீன் வல்லார் மற்றொருவர் அதனைக் கேட்டு இலத்தீனில் எழுதுவார். ஒருவர் யூதர், ஒருவர் கிறித்தவர் என இருவேறு சமயத்தார் ஒரே நூலின்மேற் குனிந்திருந்தனர். இத்தாலி நாட்டினராகிய கிரெமோனா ஊர் ஜெரார்டு என்பார், தாலமியின் வானநூலைத் தேடியே இங்கு வந்தார். 1175இல் அதனை மொழிபெயர்த்து முடித்தார். எழுபதுக்கு மேற்பட்ட நூல்களைப் பெயர்த்தபின் 1187இல் மறைந்தார். நம் நாட்டுச் செல்வமும் இவ்வழியே ஐரோப்பாவை அடைந்தது. இந்தியர் கண்ட எண்முறையை விளக்கும் அல்-குவாரிஸ்மியின் நூல் இலத்தீனிற் புகுந்தது இக்காலத்தே. பஞ்சதந்திரக் கதைகள் அரபு வடிவத்திலிருந்து 1251இல் ஸ்பானிய மொழிக்கு வந்தன. அதனைச் செய்வித்தவர், மறு ஆண்டில் அரியணை ஏறிய பத்தாம் அல்போன்சோ.

நண்பகலில் உணவுக்கு ஒரு மணிப்பொழுது ஒதுக்குவர். வாதுமைப் பருப்பும் சர்க்கரையும் சேர்த்துச் செய்யும் மாசபான் என்னும் இனிப்பு இவ்வூரில் பெயர் பெற்றது. கன்னிமாடங்களிலும் அதனைச் செய்து விற்கின்றனர். வாட்களும், எஃகிற் பொற்கம்பி பதித்த அணிகளும் கடைதோறும் தொங்கும். கூட்டத்தைக் கடைக்குள் ஓட்டிச் சென்று, பார்க்க வேண்டிய பொழுதை அங்கே கழிப்பிக்கும் வழிகாட்டிகளும் இல்லாமல் இல்லை.

பிற்பகலில் புனித தோமையார் பெயரால் அமைந்த சிறு தேவாலயத்துக்குச் செல்வர். கிரீட்டுத் தீவில் 1541இல் பிறந்து, 1577இல் டொலேடோவுக்கு வந்து, 1614இல் இவ்வூரிலேயே மறைந்த ஓவியர் எல் கிரேக்கோ தீட்டிய பேரோவியம் அங்கே உள்ளது. ஓர்காசு என்னும் ஊரின் தலைவர் 1323இல் இறந்தபோது, புனிதர் இருவர் விண்ணின்று இறங்கி அவரைத் தம் கைகளால் அடக்கம் செய்தனர் என்பது அதன் பொருள். இவ்வோவியம் பிறந்ததற்குக் காரணம் ஒரு வழக்கு என்பதைப் பலர் அறியார். ஆண்டுதோறும் 2 ஆட்டுக்கடா, 16 கோழி, 2 தோற்பை நிறைய மது, 2 சுமை விறகு, 800 காசு ஆகியவற்றை ஓர்காசு ஊரார் இத்தேவாலயத்துக்கு அளிக்க வேண்டும் என அத்தலைவர் எழுதி வைத்திருந்தார். ஊரார் அதனை நிறுத்திவிடவே, குருவானவர் வழக்காடி வென்றார். அவ்வெற்றிக்குப் பின், தலைவரின் நினைவு மங்காதிருக்க 1586இல் ஓவியம் வரையப் பணித்தார். கோழியும் விறகும் வழக்கு மன்றத்தில் எண்ணப்பட்டதன் பயனாகவே வானுலகம் திறந்து நிற்கும் இவ்வோவியம் நமக்குக் கிடைத்தது!

இவ்வாறு வருவோர் தொகை பெருகியதால் நேரும் இடர்ப்பாட்டையும் கூறாது விடலாகாது. டொலேடோவின் மக்கள் ஏறத்தாழ 85,000 பேர். அவருள் மதிலுக்குள் வாழ்வோர் 10,000 அளவினரே. பகலில் அயலார் நிறைந்திருக்கும் தெருக்களில், மாலைக்குப்பின் அடைத்த கதவுகளே மிகுதி. வீட்டு வாயிலை மறித்து நிற்கும் கூட்டமும், அரிசியும் காய்கறியும் விற்ற கடை பொம்மை வாள் விற்கும் கடையாதலும், அங்கே குடியிருப்பார்க்கு உவப்பாக இரா. செகோவியாவில் உரோமர் கட்டிய கால்வாய்ப் பாலம், சுண்ணம் சேர்க்காது அடுக்கிய கருங்கல்லால் 28 மீட்டர் உயரத்திற்கு எழுந்து நிற்பது. அதன் வளைவுகளின் கீழ் ஊர்திகள் ஓடுவதை 1992இல் தடுத்தனர். கற்களை அவ்வாறு காத்தல் இயலும். வாழும் மக்களை ஊரில் இருத்துதல் அதனினும் அரிது. ஒரு பகல் வந்து போவோர் மெல்லப் பேசி, ஒதுங்கி நின்று, ஊரார் நடத்தும் உணவுச்சாலையில் உண்டு செல்வராயின், அத்துணையேனும் நன்று.

எல் கிரேக்கோவின் பெயர் தாங்கிய அருங்காட்சியகத்தில் நகரின் தோற்றத்தைக் காட்டும் ஓவியம் ஒன்று உள்ளது. அதில் தவேரா மருத்துவமனை தான் இருந்த இடத்தில் இல்லை. ஒரு முகிலின்மேல் வைத்தாற்போலத் தனியே நிற்கிறது. ஓவியர் அதன் காரணத்தை அப்படத்திலேயே எழுதியுள்ளார். அக்கட்டடம் நகரின் வாயிலை மறைத்ததால் அதனை இடம் பெயர்த்ததாகவும், அது மெய்யாக இருக்கும் இடத்தைப் படத்திலுள்ள நகர வரைபடத்திற் காண்க என்றும் குறித்துள்ளார். வரைபடத்தை ஏந்தி நிற்கும் இளைஞன் ஒருவனையும் பக்கத்தே தீட்டியுள்ளார். பன்னிருவர் கொண்ட குழு ஆயின், ஒவ்வொருவரும் அருகிற் சென்று அவ்வரைபடத்தில் மருத்துவமனையைத் தேடிக் கண்டுபிடிக்கலாம். அதன்பின் ஆற்றைக் கடந்து எதிர்க்கரை மேட்டிற் சென்று நிற்பர். எதிரே பெருந்தேவாலயத்தின் கோபுரமும், நான்கு மூலையிலும் கோபுரம் தாங்கிய கோட்டையும், கீழே வளைந்தோடும் ஆறும் மாலை வெயிலில் தோன்றும். வாயில் எங்கே, மருத்துவமனை எங்கே எனத் தேடுவோர்க்கு, அவை குன்றின் மறுபக்கத்தில் உள்ளன என வழிகாட்டி கையால் திசை காட்டுவார்.