வட்டியும் அசலும்

சொந்த வீடு ஒவ்வொரு குடும்பத்தின் கனவு. அதற்காகப் பெற்றோர் பலர் வீட்டுப் பத்திரத்தை வங்கியில் அடமானம் வைத்துக் கடன் பெறுகின்றனர். "மாதத் தவணை எவ்வளவு?" என்று கேட்போர் பலர், "மொத்தம் எவ்வளவு கட்டுவோம்?" என்று கேட்போர் சிலரே. மாணவிகளே, வகுப்பில் கற்ற கணக்கைக் கொண்டே இதை ஆராய்வோம்.

கடன் ரூ. 10,00,000, ஆண்டு வட்டி 9 சதவீதம், காலம் 20 ஆண்டுகள் எனக் கொள்வோம். வட்டி விகிதம் மாறாதிருந்தால் மாதத் தவணை ஏறத்தாழ ரூ. 8,997. 240 மாதங்களுக்கு ரூ. 21,59,280. அதாவது, வட்டி மட்டும் ரூ. 11,59,280, வாங்கிய கடனைவிட அதிகம்!

காரணம் என்ன? மீதமுள்ள அசலுக்கே மாதந்தோறும் வட்டி கணக்கிடப்படுகிறது. முதல் மாத வட்டி ரூ. 7,500. ஆகவே அந்தத் தவணையில் அசலில் கழிவது ரூ. 1,497 மட்டுமே. அசலில் பாதி தீரவே ஏறக்குறைய 14 ஆண்டுகள் ஆகும்.

இதே கடனை 15 ஆண்டுகளில் அடைப்பதானால் தவணை ரூ. 10,143. மாதம் ரூ. 1,146 கூடுதல், ஆனால் முடிவில் மிச்சம் ரூ. 3,33,540. ஒரு மகளின் கல்லூரிப் படிப்புக்குக் கைகொடுக்கும் தொகை அது.

கூடுதலாகக் கிடைக்கும் பணத்தைத் தொடக்க ஆண்டுகளிலேயே அசலில் செலுத்துவதும் நன்று. மாறும் வட்டியிலான வீட்டுக்கடனை முன்கூட்டியே அடைப்போரிடம் வங்கிகள் அபராதம் வசூலிக்கக் கூடாதென ரிசர்வ் வங்கி 2012-இல் ஆணையிட்டது.

குறைந்த வருமானமுள்ளோர்க்கு நீண்ட தவணையே இயலும்; அதில் குற்றமில்லை. ஆயினும் கையெழுத்திடுமுன் முழுக்கணக்கையும் அறிதல் வேண்டும். அந்தக் கணக்கைப் பெற்றோருக்குப் போட்டுக் காட்டுவது உங்கள் கடமை.

பயிற்சி: 10 ஆண்டுகளுக்குத் தவணை ரூ. 12,668 எனில், மொத்த வட்டி எவ்வளவு?

(விடை: ரூ. 5,20,160)