கண்ணீர்ப் பாதை

அமெரிக்க ஐக்கிய நாடு மேற்கு நோக்கி விரிவடைந்த காலத்தில், அதன் தென்கிழக்கில் செரோக்கியர் என்னும் தொல்குடியினர் வாழ்ந்தனர். எம்மொழியிலும் எழுத்தறியாத செக்கோயா என்பார், 1821இல் அவர்தம் மொழிக்கெனத் தனித்தே எழுத்து வகுத்தார். இஃது அரிதினும் அரிய செயலன்றோ! அம்மக்கள் 1827இல் அரசியற்சட்டம் இயற்றினர்; மறு ஆண்டே செய்தித்தாளும் வெளியிட்டனர். வெள்ளையர் போற்றிய நாகரிகம் எய்தியும் அவர்க்கு நிலம் நிலைக்கவில்லை. பருத்திக்கேற்ற அம்மண்ணிற் பொன்னும் கிடைத்தமை கேடாயிற்று. 1830இல் குடியரசுத் தலைவர் ஜாக்சன், தொல்குடியினரை மிசிசிப்பி ஆற்றுக்கு அப்பால் அகற்றும் சட்டத்தில் கையொப்பமிட்டார். செரோக்கியர்க்குச் சார்பாக 1832இல் உச்சநீதிமன்றம் அளித்த தீர்ப்பும் பயன்படவில்லை. 1838இல் படைவீரர் அவர்களை வீடுகளினின்று வெளியேற்றினர். முகாம்களிலும் வழியிலும் பிணியாலும் குளிராலும் ஏறத்தாழ 4,000 பேர் மாண்டனர். எஞ்சியோர் இன்றைய ஓக்லகோமாவிற் குடியமர்ந்து, 1844இல் தம் எழுத்திலும் ஆங்கிலத்திலும் மீண்டும் செய்தித்தாள் அச்சிடலாயினர்.