ஏழைக்கும் ஒரு வக்கீல்

கோர்ட்டு என்றாலே ஏழைக்குப் பயம். வக்கீலுக்குப் பணம் வேண்டும். போய்வரச் செலவு வேண்டும். ஒரு நாள் போனால் ஒரு நாள் கூலி போகும். இதனால் பலர் தங்கள் உரிமையைக் கேட்காமலே விட்டுவிடுகிறார்கள்.

இந்த நிலையை மாற்றப் பாடுபட்டவர்களில் ஒருவர் வி. ஆர். கிருஷ்ணய்யர். அவர் வக்கீலாக இருந்தார். அரசியலுக்கு வந்தார். மந்திரி ஆனார். பிறகு நீதிபதியும் ஆனார்.

பாலக்காட்டில் பிறந்தவர்

கிருஷ்ணய்யர் 1915-ஆம் ஆண்டு பாலக்காட்டில் உள்ள வைத்தியநாதபுரத்தில் பிறந்தார். தமிழ் பேசும் குடும்பம். அப்பா ராம ஐயரும் ஒரு வக்கீல்.

கிருஷ்ணய்யர் பாலக்காடு விக்டோரியா கல்லூரியில் படித்தார். சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் படித்தார். சென்னையில் சட்டம் படித்தார். பிறகு தலைச்சேரியில் வக்கீல் தொழில் செய்தார்.

தலைச்சேரி வட கேரளத்தில் இருக்கிறது. அந்தப் பகுதிக்கு மலபார் என்று பெயர். அப்போது மலபார், சென்னை மாகாணத்தோடு சேர்ந்து இருந்தது. அங்கே நிலம் ஜன்மிகள் கையில் இருந்தது. உழுதவர்கள் குத்தகைக்காரர்கள். விவசாயிகளுக்காகவும் தொழிலாளிகளுக்காகவும் கிருஷ்ணய்யர் வழக்காடினார்.

1948-இல் அவரையே போலீஸ் கைது செய்தது. கம்யூனிஸ்டுகளுக்குச் சட்ட உதவி செய்தார் என்பது குற்றச்சாட்டு. சுமார் ஒரு மாதம் சிறையில் இருந்தார். சிறை எப்படி இருக்கும் என்பதை நேரில் கண்டார்.

சட்டசபைக்குப் போனார்

1952-இல் தேர்தல் வந்தது. கிருஷ்ணய்யர் கூத்துப்பறம்பு தொகுதியில் நின்றார். எந்தக் கட்சியின் சார்பிலும் நிற்கவில்லை. சுயேச்சையாக நின்று வென்றார். சென்னைச் சட்டசபைக்குப் போனார்.

1956-இல் கேரள மாநிலம் உருவானது. மலபாரும் அதில் சேர்ந்தது. 1957-இல் தலைச்சேரியில் சுயேச்சையாக நின்றார். கம்யூனிஸ்டுக் கட்சி ஆதரவு தந்தது. மீண்டும் வென்றார். இ. எம். எஸ். நம்பூதிரிபாட் முதல் மந்திரி ஆனார். அவருடைய மந்திரி சபையில் கிருஷ்ணய்யரும் இடம் பெற்றார். சட்டம், போலீஸ், சிறை, மின்சாரம், நீர்ப்பாசனம் போன்ற துறைகள் அவரிடம் இருந்தன.

வக்கீல் வைக்க முடியாத ஏழைக்கு அரசே உதவ வேண்டும் என்று அவர் நினைத்தார். 1957-லேயே கேரளத்தில் அதற்கான விதிகள் வந்தன. சிறைகளைச் சீர்திருத்தவும் முயன்றார்.

1959 ஜூலை 31-இல் மத்திய அரசு அந்த மந்திரி சபையைக் கலைத்தது. 1960 தேர்தலில் அவர் தோற்றதாக அறிவித்தார்கள். வித்தியாசம் மிகச் சில வாக்குகள்தான். அவர் வழக்குப் போட்டார். அவரே வென்றார் என்று தீர்ப்பு வந்தது. ஒவ்வொரு வாக்குக்கும் எவ்வளவு மதிப்பு! 1965 தேர்தலில் அவர் தோற்றார்.

நீதிபதி ஆனார்

1968-இல் கேரள உயர் நீதிமன்ற நீதிபதி ஆனார். 1973 முதல் 1980 வரை டெல்லியில் உச்ச நீதிமன்ற நீதிபதியாக இருந்தார்.

ஒரு முறை திகார் சிறையிலிருந்து ஒரு கடிதம் வந்தது. எழுதியவர் ஒரு கைதி. இன்னொரு கைதியைச் சிறைக் காவலர் கொடுமைப்படுத்தியதாக அதில் எழுதியிருந்தார். வக்கீல் இல்லை. முத்திரைத்தாள் இல்லை. ஆனாலும் உச்ச நீதிமன்றம் அந்தக் கடிதத்தையே மனுவாக எடுத்துக்கொண்டு விசாரித்தது. கைதிக்கும் உரிமை உண்டு என்று கிருஷ்ணய்யர் தீர்ப்பு எழுதினார்.

1980-இல் இன்னொரு தீர்ப்பு. மத்தியப் பிரதேசத்தில் ரத்லம் என்று ஓர் ஊர். அங்கே சாக்கடை வசதி இல்லை. நாற்றமும் கொசுவும் தாங்க முடியவில்லை. மக்கள் வழக்குப் போட்டார்கள். "எங்களிடம் பணம் இல்லை" என்றது நகராட்சி. அந்தச் சாக்குச் செல்லாது, சுகாதாரம் காப்பது நகராட்சியின் கடமை என்று கிருஷ்ணய்யர் தீர்ப்பளித்தார்.

அவர் 2014 டிசம்பர் 4-இல் கொச்சியில் காலமானார்.

இன்று நமக்கு என்ன பயன்?

இலவசச் சட்ட உதவி பற்றி ஆராய அரசு 1972-இல் ஒரு குழு அமைத்தது. அதன் தலைவர் கிருஷ்ணய்யர். 1976-இல் இலவசச் சட்ட உதவி அரசியல் சட்டத்தில் இடம் பெற்றது. 1987-இல் அதற்குத் தனிச் சட்டம் வந்தது. 1995 நவம்பர் 9 முதல் அது நடைமுறையில் உள்ளது.

பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத் திறனாளிகள், தொழில் நிறுவனத் தொழிலாளர்கள், சிறையில் இருப்பவர்கள் ஆகியோருக்கு இலவசமாக வக்கீல் உதவி உண்டு. இவர்களுக்கு வருமானம் பார்ப்பதில்லை. மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு.

தாலுகா சட்டப் பணிக் குழுவில் மனுக் கொடுக்கலாம். மாட்டுப்பட்டியில் இருப்பவர்களுக்குத் தேவிகுளம்தான் தாலுகா. 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தும் கேட்கலாம். மனுவை நாமே எழுதலாம். எழுத வராவிட்டால், சொல்லச் சொல்ல எழுதிக்கொள்வார்கள்.

கலந்து பேசுவோம்

1. உங்கள் ஊரில் பணம் இல்லாததால் வழக்கை விட்டவர்கள் உண்டா?
2. ரத்லம் மக்களைப் போல உங்கள் ஊரில் கேட்க வேண்டிய வசதி எது?
3. அதற்காக ஒரு மனு எழுதிப் படித்துக் காட்டுங்கள்.