கடன் தீர்ந்த பின் மனு என்னவாகும்?

கடையையோ காணியையோ வங்கிக்கு ஈடு வைத்த நம் வியாபாரிகளில் பலர், ஏல அறிவித்தல் பத்திரிகையில் வெளிவந்த பின்னர்தான் சட்டத்தரணியைத் தேடி ஓடுகின்றனர். 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ், வர்த்தக வங்கியொன்றின் பணிப்பாளர் சபை நீதிமன்றம் செல்லாமலேயே தீர்மானம் நிறைவேற்றி ஈட்டுச் சொத்தை ஏலத்தில் விற்கலாம். 'பராட்டே' என்பது இதுதான். அத்தீர்மானத்தை இரத்துச் செய்யக் கோரி மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை மனுத் தாக்கல் செய்வோரும் உள்ளனர்.

புடவை வியாபாரி ஒருவரை உதாரணமாகக் கொள்வோம். வங்கி கூடுதலாக வட்டி அறவிட்டதென்பது அவரது முறைப்பாடு. மனு விசாரணையில் இருக்கும்போதே, கடை பறிபோய்விடுமோ என்ற பயத்தில் வேறொரு காணியை விற்று, வங்கி கேட்ட முழுத் தொகையையும் கட்டிவிடுகிறார். வட்டி விடயத்தை இனி நீதிமன்றம் பார்த்துக்கொள்ளும் என்பது அவரது எண்ணம்.

அங்குதான் அவர் தவறுகிறார். மனுவில் கேட்டது தீர்மானத்தை இரத்துச் செய்யும்படி மட்டுமே. கடன் தீர்ந்ததும் அத்தீர்மானத்தால் விற்பதற்கு எதுவுமில்லை. பயனற்ற இடத்தில் எழுத்தாணை வழங்கப்படமாட்டாது என்பதை, இலங்கைப் போக்குவரத்துச் சபைக்கு எதிராக பஸ் கம்பனியொன்று கொண்டுவந்த வழக்கில் நமது உயர் நீதிமன்றம் 1958இலேயே கூறிவிட்டது. மனு பெரும்பாலும் வாபஸ் பெறப்படும், அல்லது தள்ளுபடியாகும். வட்டிக் கணக்கோ தீர்க்கப்படாமலே நின்றுவிடும்.

அதனைத் தனி வழக்காகத் தொடரலாமே என்று கேட்பீர்கள். தொடரலாம், ஆனால் கடமைப்படவில்லை என்று தெரிந்துகொண்டே, மறுப்பேதும் கூறாமல் கட்டிய பணத்தை மீளப் பெறுவது நம் நாட்டுச் சட்டத்தில் மிகவும் கடினம். எனவே, பணம் கட்டும் அன்றே "இத்தொகையை மறுப்புடன் செலுத்துகிறேன், மேலதிக வட்டியை மீளக் கோரும் உரிமையை ஒதுக்கி வைக்கிறேன்" என்று எழுதிக் கொடுத்து, பிரதியில் வங்கியின் முத்திரையைப் பெற்றுக்கொள்ளுங்கள். வாயால் சொன்னது பின்னர் எவருக்கும் ஞாபகம் இருக்காது.

வங்கியே சமரசத்துக்கு வந்தால் இன்னும் நல்லது. வட்டியில் எவ்வளவு தள்ளுபடி, ஈட்டை எப்போது விடுவிப்பது என்பவற்றை எழுத்தில் இட்டு, மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கிருப்பின் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 408ஆம் பிரிவின் கீழ் பதிவு செய்விக்கலாம். அவ்வாறன்றி வெறுமனே வாபஸ் பெறுவதில் ஆபத்துண்டு. மீண்டும் வழக்கிடும் அனுமதியைக் கேட்டுப் பெறாவிடின், 406ஆம் பிரிவு அதே விடயத்தில் புதிய வழக்கைத் தடுக்கும். செலவும் தலையில் விழலாம். கையொப்பமிடுமுன் உங்கள் சட்டத்தரணியிடம் இந்த ஒரு கேள்வியையாவது கேளுங்கள்.

கடன் தீர்ந்த கடிதம் கையில் கிடைத்ததும் வேலை முடிந்துவிட்டதென்று பலர் இருந்துவிடுகின்றனர். ஈட்டை இரத்துச் செய்யும் உறுதி எழுதப்பட்டு காணிப் பதிவகத்தில் பதியப்படும் வரை, பதிவேட்டில் உங்கள் கடை ஈட்டிலேயே இருக்கும். பிணை நின்ற மைத்துனரின் பெயரை விடுவித்ததற்கும் தனிக் கடிதம் கேளுங்கள். 'கிறிப்' எனப்படும் கடன் தகவல் பணியகத்தின் அறிக்கையையும் சில மாதங்களின் பின் எடுத்துப் பாருங்கள். கடன் தீர்ந்ததாக அதில் பதிவாகாவிட்டால், அடுத்த வங்கியின் வாசலில்தான் அது உங்களுக்குத் தெரியவரும்.