மூன்று வயல் கிராமம்

இங்கிலாந்து நாட்டில் லாக்ஸ்டன் என்று ஒரு கிராமம் இருக்கிறது. அங்கே பெரிய பெரிய மூன்று வயல்கள் உள்ளன. உள்ளே வேலி கிடையாது. ஒவ்வொரு வயலும் நீள நீளமான துண்டுகளாகப் பிரிந்து கிடக்கிறது. 700 ஆண்டுகளுக்கு முன்பு ஐரோப்பாவில் பல ஊர்களில் இப்படித்தான் பயிர் செய்தார்கள். லாக்ஸ்டனில் அந்த முறை இன்றும் நடக்கிறது.

அந்தக் காலத்தில் ஒரு குடும்பத்துக்கு ஒரே இடத்தில் நிலம் இருக்காது. இங்கே நாலு துண்டு, அங்கே நாலு துண்டு என்று சிதறி இருக்கும். இது வீண் அலைச்சல்தானே என்று நமக்குத் தோன்றும். ஆனால் ஓரிடத்தில் தண்ணீர் தேங்கிப் பயிர் அழுகினாலும், மேட்டில் உள்ள துண்டு தப்பிவிடும்.

மூன்று வயல் எதற்கு?

முதல் வயலில் குளிர்காலத்துக்கு முன்பே கோதுமை விதைப்பார்கள். அல்லது ரை விதைப்பார்கள். ரை என்பது கோதுமையைப் போன்ற ஒரு தானியம். இரண்டாவது வயலில், குளிர் போன பிறகு, பார்லி, ஓட்ஸ், பட்டாணி, அவரை போடுவார்கள். மூன்றாவது வயல் ஓராண்டு தரிசாகக் கிடக்கும். அதில் ஆடு மாடுகள் மேயும். சாணமும் புழுக்கையும் மண்ணில் சேரும். நம் ஊரில் கிடை போடுகிறோம் அல்லவா? அதே பலன்தான். அடுத்த ஆண்டு வயல்கள் முறை மாறும்.

மண் கனமான களிமண். ஒரு கலப்பைக்கு எட்டு எருதுகள் வரை பூட்டினார்கள். ஏழைக் குடியானவரிடம் எட்டு எருதுகள் ஏது? ஒருவர் இரண்டு, இன்னொருவர் ஒன்று என்று கொண்டு வந்து சேர்த்துப் பூட்டினார்கள்.

இவ்வளவு பாடுபட்டும் விளைச்சல் குறைவு. ஒரு மரக்கால் கோதுமை விதைத்தால் நாலு மரக்கால் கிடைக்கும். அதில் ஒரு மரக்காலை விதைக்கு ஒதுக்க வேண்டும். பத்தில் ஒரு பங்கு தேவாலயத்துக்கு. நிலப்பிரபுவின் ஆலையில்தான் மாவு அரைக்க வேண்டும். அதற்கும் தானியம் அளக்க வேண்டும். பல ஊர்களில் வாரத்தில் இரண்டு மூன்று நாள் பிரபுவின் நிலத்தில் கூலி இல்லாமல் உழைக்க வேண்டும். மிச்சம்தான் வீட்டுக்கு!

அறுவடை முடிந்த வயலில் ஏழைப் பெண்களும் பிள்ளைகளும் கதிர் பொறுக்குவார்கள்.

சாப்பாடு என்ன? ரை ரொட்டி, பார்லி ரொட்டி. பட்டாணியும் முட்டைக்கோசும் வெங்காயமும் போட்டுக் காய்ச்சிய கெட்டியான கூழ். உருளைக்கிழங்கு கிடையாது. தக்காளி கிடையாது. அவை 1492க்குப் பிறகுதான் அமெரிக்காவிலிருந்து வந்தன. நம் நாட்டிலும் அப்போது மிளகாய் இல்லை. காரத்துக்கு மிளகுதான்.

1315இல் மழை விடாமல் பெய்தது. பயிர் வயலிலேயே அழுகியது. வைக்கோலும் காயவில்லை. உப்புக் காய்ச்சவும் முடியவில்லை. அடுத்த ஆண்டும் மழைதான். 1317 வரை பஞ்சம் நீடித்தது. வீட்டில் இருப்பது விதைத் தானியம் மட்டும். பிள்ளை பசியில் அழுகிறது. விதைக்கு வைப்பதா, பிள்ளைக்குக் கொடுப்பதா? பலர் விதையைத் தின்றார்கள். உழவு மாடுகளையும் வெட்டித் தின்றார்கள். சில நகரங்களில் பத்தில் ஒருவர் இறந்துபோனார்.

பிறகு மழை குறைந்தது. வெயில் வந்தது. ஆனால் உழுவதற்கு மாடு இல்லை. விதைப்பதற்குத் தானியம் இல்லை. பழைய விளைச்சலைப் பார்க்க மேலும் பல ஆண்டுகள் ஆயின.