மடிக்கணினியில் ஒரு திறந்த வாசல்

நுழையும்முன்

புதிய மடிக்கணினி கைக்கு வந்ததும் அதில் என்னென்ன உள்ளன என்று ஆவலுடன் பார்க்கிறோம். நாம் கேளாமலேயே அதனுள் வந்து அமர்ந்திருப்பவை எவை என்று பார்ப்பவர் குறைவு. அவ்வாறு வந்து சேரும் ஒன்று, விளையாடுவோரை இணைக்கும் சமூக விளையாட்டுச் சேவை. அது எவ்வாறு இயங்குகிறது, அதனை நிறுத்துவது எங்ஙனம் என்பதை இப்பாடம் விளக்குகிறது.

தனியாட்டமும் கூட்டாட்டமும்

கணினியோடு விளையாட்டும் சேர்ந்து வருவது புதிய வழக்கமன்று. 1990ஆம் ஆண்டு வெளிவந்த விண்டோஸ் 3.0 இயங்குதளத்தில் ‘சாலிடேர்’ என்னும் சீட்டாட்டம் இருந்தது. சுட்டியைப் பிடித்துப் பொருளை இழுத்து வைக்கும் பழக்கம் அன்று பலருக்கும் புதிது; அப்பழக்கம் கைவர அவ்வாட்டம் உதவியது. ஆப்பிள் நிறுவனத்தின் மேக் கணினிகளிலும் சதுரங்கம் உள்ளது. இவ்வாட்டங்களில் ஆடுபவரும் கணினியுமே இருந்தனர். வென்றாலும் தோற்றாலும் அச்செய்தி அறையைவிட்டு வெளியே செல்லவில்லை.

2010ஆம் ஆண்டு செப்டம்பரில் ஆப்பிள் நிறுவனம் தன் கைப்பேசிகளுக்கென ‘கேம் சென்டர்’ என்னும் சேவையைத் தொடங்கியது. 2012ஆம் ஆண்டு ஜூலையில் வெளிவந்த ‘மவுண்டன் லயன்’ பதிப்பின் வழியாக அது மேக் கணினிகளுக்கும் வந்தது. அப்பதிப்பிலேயே சதுரங்கமும் இச்சேவையோடு இணைக்கப்பட்டது. பலகை மாறவில்லை, காய்கள் மாறவில்லை, விதிகளும் மாறவில்லை. ஆயினும் எதிரில் கணினிக்குப் பதிலாக வேறோர் ஊரில் இருக்கும் மனிதர் அமர இயன்றது. ஆட்டம் வீட்டைவிட்டு வெளியேறிய இடம் அதுவே.

கேம் சென்டருக்கெனத் தொடக்கத்தில் தனிச் செயலி இருந்தது. 2016ஆம் ஆண்டுப் பதிப்புகளில் அச்செயலி நீக்கப்பட்டது. சேவையோ இயங்குதளத்தின் உள்ளேயே தொடர்ந்தது. கண்ணுக்குத் தெரியும் செயலி மறைந்துவிட்டால் சேவையும் போய்விட்டது என்று எண்ணுவது இயல்பு. உண்மையில், அதனைத் தேடி அணைப்பதுதான் முன்னினும் சற்றுக் கடினமாயிற்று.

சேவை என்ன செய்கிறது?

இச்சேவையில் நுழைபவர் ஒரு புனைபெயரைப் பெறுகிறார். அப்பெயரின்கீழ் அவர் ஆடும் ஆட்டங்கள், எட்டிய சாதனைகள், தரவரிசைப் பட்டியலில் அவருக்குரிய இடம், அவருடைய நண்பர்கள் ஆகியவை சேர்கின்றன. நண்பர்கள் ஆட்டத்திற்கு அழைப்பு விடுக்கலாம். அவ்வழைப்பு திரையின் ஓரத்தில் அறிவிப்பாகத் தோன்றும். அருகிலுள்ள ஆட்டக்காரர்களைக் கண்டறியும் வசதியும் உண்டு.

இவற்றைத் தீமை எனக் கூறிவிட முடியாது. வெளியூருக்குக் குடிபெயர்ந்த தோழியோடு மாலையில் ஓர் ஆட்டம் ஆடுவது மகிழ்ச்சியானதே. சிக்கல் வேறிடத்தில் உள்ளது. தேர்வுக்கு முந்தைய நாள் மாலையில் அரைமணி நேரம் விளையாடி மனத்தை இளைப்பாற்றிக்கொண்ட மாணவர், அச்செய்தியை எவருக்கும் சொல்ல எண்ணியிருக்கமாட்டார். சேவை அதனை நண்பர்களுக்குக் காட்டும் நிலையில் அமைக்கப்பட்டிருப்பின், அவர் சொல்லாமலேயே அது சொல்லப்பட்டுவிடுகிறது. எதைச் சொல்வது, எதைச் சொல்லாமல் விடுவது என்னும் உரிமை அவர் கையைவிட்டு நழுவுகிறது.

இயல்பிருப்பு

ஒரு கருவியை நாம் தொடும் முன்பே அதில் முடிவுசெய்து வைக்கப்பட்டுள்ள நிலையை ‘இயல்பிருப்பு’ என்பர். பெயரில் ‘இயல்பு’ இருப்பினும் அது இயல்பாக அமைந்ததன்று. எவரோ ஒருவர் மேசையில் அமர்ந்து எடுத்த முடிவு அது. பயன்படுத்துவோருள் பெரும்பாலோர் அதனை மாற்றுவதில்லை என்பதும் முடிவெடுத்தவர்க்குத் தெரியும்.

இதன் விளைவை 2010ஆம் ஆண்டு பிப்ரவரியில் உலகம் கண்டது. கூகுள் நிறுவனம் தன் மின்னஞ்சல் சேவைக்குள்ளேயே ‘பஸ்’ என்னும் சமூக வலைப்பின்னலைப் புகுத்தியது. ஒருவர் யாருடன் அடிக்கடி அஞ்சல் பரிமாறிக்கொண்டாரோ அவர்களைக்கொண்டே தொடர்புப் பட்டியல் தானாக உருவாக்கப்பட்டது. அப்பட்டியலைப் பிறரும் காணும்படி இயல்பிருப்பு அமைந்திருந்தது. தாம் யாரோடு அஞ்சல் தொடர்பு வைத்துள்ளோம் என்பது பொதுவெளிக்கு வரக்கூடும் என்று அறிந்த மக்கள் கொதித்தெழுந்தனர். அமெரிக்காவின் கூட்டாட்சி வணிக ஆணையம் நடவடிக்கை எடுத்தது. 20 ஆண்டுகளுக்குத் தனியுரிமைத் தணிக்கைக்கு உட்பட 2011இல் கூகுள் உடன்பட்டது. அவ்வாண்டின் இறுதியில் ‘பஸ்’ மூடப்பட்டது. அஞ்சல் எழுத வந்தவர்களைக் கேளாமல் மன்றத்தில் ஏற்றியதே அங்கு நேர்ந்த பிழை.

அணைத்தலின் மூன்று நிலைகள்

‘அணைத்தல்’ என்று ஒரே சொல்லால் குறிப்பிட்டாலும் அதனுள் வெவ்வேறு செயல்கள் அடங்கியுள்ளன. இவ்வேறுபாட்டை அறியாதவர் அறிவிப்பை மட்டும் நிறுத்திவிட்டுச் சேவையையே நிறுத்திவிட்டதாக நம்பியிருப்பர்.

முதல் நிலை, வரம்பிடுதல். சேவையை வைத்துக்கொண்டே யார் நம்மைக் காணலாம் என்பதை வரையறுப்பது இது. மேக் கணினித் திரையின் இடது மேல்மூலையிலுள்ள ஆப்பிள் குறியைச் சொடுக்கி, ‘சிஸ்டம் செட்டிங்ஸ்’ என்னும் அமைவுகள் சாளரத்தைத் திறக்கவேண்டும். இடப்புறப் பட்டியலில் ‘கேம் சென்டர்’ இருக்கும். அங்கே நம் விவரங்களை அனைவரும் காணலாமா, நண்பர்கள் மட்டும் காணலாமா, நாம் மட்டுமே காணலாமா என்னும் தெரிவுகள் உண்டு. அருகிலுள்ள ஆட்டக்காரர்கள் நம்மைக் கண்டறிவதையும் தடுக்கலாம். அறிவிப்புகளை நிறுத்தும் இடம் இதுவன்று. அவற்றிற்கு அதே சாளரத்தில் ‘நோட்டிஃபிகேஷன்ஸ்’ என்னும் தனிப்பகுதி உள்ளது.

இரண்டாம் நிலை, வெளியேறுதல். அதே பகுதியிலுள்ள பொத்தானை அணைத்தால் அக்கணினியில் சேவை நின்றுவிடும். இவ்வமைப்பு 2022ஆம் ஆண்டின் ‘வென்சுரா’ பதிப்பு முதல் உள்ளது. அதற்கு முந்தைய பதிப்புகளில் ‘சிஸ்டம் பிரிஃபரன்சஸ்’ சாளரத்தின் ‘இன்டர்நெட் அக்கவுண்ட்ஸ்’ பகுதிக்குள் இதனைத் தேடவேண்டும். பெரும்பாலோர்க்கு இந்நிலையே போதும்.

மூன்றாம் நிலை, பின்னணிச் செயல்நிரலையே நிறுத்த முயல்வது. மேக் கணினியில் இயங்கும் செயல்நிரல்களின் பட்டியலைப் பார்த்தால் ‘கேம்டி’ என்றொரு பெயர் தென்படலாம். யூனிக்ஸ் மரபில் பின்னணியில் ஓசையின்றி இயங்கும் நிரல்களின் பெயரிறுதியில் ‘டி’ என்னும் எழுத்தைச் சேர்ப்பர். அம்மரபில் வந்த பெயர் இது. சேவையை அணைத்த பின்னும் இப்பெயரைக் கண்டு சிலர் அஞ்சுவர். முன்பின் அறியாதவர் எழுதிய கட்டளைகளை முனையத்தில் ஒட்டி அதனை ஒழிக்கவும் முற்படுவர். இது வேண்டாத வேலை. நிரலின் பெயர் பட்டியலில் இருப்பதால் நாம் உள்நுழைந்திருக்கிறோம் என்று பொருளில்லை. மேலும், 2015ஆம் ஆண்டின் ‘எல் கேப்பிட்டன்’ பதிப்பு முதல் இயங்குதளத்தின் அடிப்படைக் கோப்புகள் மாற்றமுடியாதபடி காக்கப்படுகின்றன. ஒரு விளையாட்டுச் சேவையின் பொருட்டு அக்காவலைத் தளர்த்துவது, கொசுவுக்கு அஞ்சிக் கூரையைப் பிரிப்பதற்கு ஒப்பாகும்.

விண்டோஸ் மடிக்கணினி வைத்திருப்போர் இதற்கு இணையான ஒன்றை ‘கேம் பார்’ என்னும் பெயரில் காணலாம். விண்டோஸ் விசையையும் ஜி விசையையும் ஒருசேர அழுத்தினால் அது திரையில் தோன்றும். நண்பர் பட்டியலும் அதனுள் உண்டு. அமைவுகளில் ‘கேமிங்’ என்னும் பகுதி இதற்குரியது.

தெரிந்து தெளிவோம்

இந்தியாவின் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், 2023இன்படி 18 வயது நிறைவடையாதவர் ‘குழந்தை’ எனக் கொள்ளப்படுவர். அவர்தம் தரவுகளைக் கையாளப் பெற்றோரின் இசைவைச் சரிபார்க்கத்தக்க முறையில் பெறவேண்டும் என்கிறது இச்சட்டம். குழந்தைகளின் நடத்தையைக் கண்காணிப்பதையும் அவர்களைக் குறிவைத்து விளம்பரம் செய்வதையும் அது தடைசெய்கிறது. அரசு அறிவிக்கும் விதிவிலக்குகளுக்கும் அதில் இடமுண்டு. பதினொன்றாம் வகுப்பில் பயிலும் நீங்கள் இச்சட்டத்தின் பார்வையில் குழந்தைகளே.

அணைத்த பின்

வெளியேறியதால் பழைய பதிவுகள் அழிந்துவிடுவதில்லை. சாதனைகளும் மதிப்பெண்களும் நிறுவனத்தின் வழங்கிகளில் இருக்கும்; மீண்டும் நுழைந்தால் மீண்டும் தோன்றும். சில ஆட்டங்கள் தம் முன்னேற்றத்தை இக்கணக்கோடு பிணைத்து வைப்பதால், வெளியேறியதும் விட்ட இடத்திலிருந்து தொடர இயலாமற் போகலாம். ஆகவே, பல நாள் ஆடிய ஆட்டம் ஏதேனும் இருப்பின் முதலில் அதன் அமைவுகளைப் பார்த்துக்கொள்வது நல்லது. மடிக்கணினியில் அணைத்தது அக்கருவிக்கு மட்டுமே பொருந்தும். அதே கணக்கு கைப்பேசியிலும் இருந்தால் அங்கும் தனியே அணைக்கவேண்டும்.

ஒரே கணினியைக் குடும்பத்தினர் பலரும் பயன்படுத்தும் வீடுகளில் இன்னொன்றையும் கவனிக்கவேண்டியுள்ளது. அண்ணனின் கணக்கில் தம்பி ஆடும் ஆட்டம் அண்ணனின் பெயரிலேயே பதிவாகும். அண்ணனின் நண்பர் விடுக்கும் அழைப்பு தம்பியின் கண்ணில் படும். ஆளுக்கொரு பயனர் கணக்கை உருவாக்கிக்கொள்வது இதற்கு எளிய தீர்வு. இளையோரின் கணக்கில், நண்பர்களைச் சேர்ப்பதையும் பிறருடன் சேர்ந்து ஆடுவதையும் ‘ஸ்கிரீன் டைம்’ பகுதியில் பெற்றோர் வரையறுக்கலாம். அவ்வரம்பு எதற்கென இளையவரோடு பேசிய பின்னர் அதனை இடுவது சிறப்பு. சொல்லாமல் இட்ட பூட்டுக்கு மாற்றுச்சாவி தேடும் திறமை பதினாறு வயதினர்க்கு நிரம்ப உண்டு.

இயங்குதளம் புதிய பதிப்புக்கு மாறும்போது அமைவுகளின் இடமும் பெயரும் மாறுகின்றன. 2025ஆம் ஆண்டுப் பதிப்பில் ‘கேம்ஸ்’ என்னும் புதிய செயலி ஒன்று மேக் கணினிகளுக்கு வந்துள்ளது. நண்பர்களும் தரவரிசையும் இப்போது அதனுள்ளும் இடம்பெற்றுள்ளன. புதுப்பித்த அன்றே அமைவுகளை ஒருமுறை திறந்து, முன்பு அணைத்தவை அணைந்தே உள்ளனவா என்று பார்த்துவிடலாம். அதற்கு ஐந்து மணித்துளிகள் போதும். சதுரங்கம் ஆட விரும்புவோர்க்கு அதனால் இழப்பேதும் இல்லை. சேவை அணைந்திருக்கும்போதும் கணினியோடு ஆடும் ஆட்டம் அப்படியே இருக்கிறது.