பிழைச் செய்தியைப் படிக்கக் கற்போம்

மாணவர்களே, படிவம் 4 கணினி அறிவியல் பாடத்தில் ஜாவா மொழியில் நிரல் எழுதுகிறீர்கள். கணினியின் செயலிக்கு அந்த மொழி நேரடியாகப் புரியாது. நீங்கள் எழுதியதைப் படித்து, 'பைட்கோட்' எனும் வடிவத்துக்கு மாற்றுவது 'ஜாவா-சி' என்ற தொகுப்பி. கம்பைலர் என்று நாம் சொல்வது இதைத்தான். பைட்கோடை இயக்குவது ஜாவா மெய்நிகர் இயந்திரம்.

பீடோர், கொய்யாவுக்குப் பெயர் பெற்ற ஊர். அங்குள்ள பழக்கடை ஒன்றுக்கு விலை கணக்கிடும் நிரல் எழுதுகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். தொகுக்கச் சொன்னதும் திரை நிறையப் பிழைகள் வருகின்றன. என்ன செய்வது?

1. தொகுப்பி இருக்கிறதா என்று பாருங்கள். 'ஜாவா-சி' என்ற கட்டளையையே விண்டோஸ் அறியவில்லை என்றால், தவறு உங்கள் நிரலில் இல்லை. ஜே.டி.கே. மென்பொருள் நிறுவப்படாமல் இருக்கலாம்; அல்லது அதன் 'பின்' கோப்புறை 'பாத்' பட்டியலில் சேராமல் இருக்கலாம். சேர்த்த பிறகு கட்டளைச் சாளரத்தை மூடி, மீண்டும் திறங்கள்.

2. முதல் பிழையை மட்டும் திருத்துங்கள். விலைக்கு 'ஹர்கா' என்று மாறிப் பெயர் வைக்கிறீர்கள். அறிவிக்கும்போது முதலெழுத்தைப் பெரிய எழுத்தாகவும், பயன்படுத்தும் ஐந்து இடங்களில் சிறிய எழுத்தாகவும் எழுதினால், ஜாவாவுக்கு அவை வெவ்வேறு பெயர்கள். ஐந்து பிழைகள் வரும். அறிவித்த இடத்தில் ஓர் எழுத்தைத் திருத்தித் தொகுத்தால் ஐந்தும் மறையும்.

3. வரி எண்ணை அப்படியே நம்பாதீர்கள். தொகுப்பி காட்டுவது, தனக்குப் புரியாமல் போன இடத்தை. நிரலின் நடுவே மூடும் நெளி அடைப்புக்குறி ஒன்று விடுபட்டால், பெரும்பாலும் கோப்பின் கடைசி வரியையே அது காட்டும்.

பிழையே வராவிட்டாலும் வேலை முடிந்துவிடாது. 2 கிலோ கொய்யா 15 ரிங்கிட் என்றால், ஒரு கிலோ 7 ரிங்கிட் 50 சென். ஆனால் 15, 2 ஆகிய இரண்டும் முழு எண்களாக இருந்தால், ஜாவா வகுத்துத் தரும் விடை 7. அதை 'டபுள்' வகை மாறியில் வைத்தாலும் 7.0 தான். 15.0 என்று எழுதினால் 7.5 கிடைக்கும். தொகுப்பி இங்கே ஒன்றும் சொல்லாது. கிலோவுக்கு 50 சென் நட்டம் கடைக்காரருக்குத்தான். எனவே, கையால் கணக்கிட்ட விடையோடு நிரலின் விடையை ஒப்பிடுங்கள்.

செய்து பாருங்கள்: சரியாக இயங்கும் நிரலில் ஓர் அரைப்புள்ளியை நீக்கித் தொகுங்கள். அதைத் திரும்பச் சேர்த்துவிட்டு, ஒரு மூடும் நெளி அடைப்புக்குறியை நீக்கித் தொகுங்கள். இரண்டு முறையும் வந்த வரி எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். எது உண்மையான இடத்தைக் காட்டியது?